கடைமடைக்கும் கடைமடை

(நமது சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



வேதாரண்யம் என்றால் நமக்கு 1930 உப்பு சத்தியாகிரகம் நினைவுக்கு வரும். ராஜாஜி தலைமையில் திருச்சியில் புறப்பட்ட தொண்டர்கள் நம் தஞ்சாவூர் வழியாகத்தான் அங்கே நடந்து போனார்கள். அந்த உப்பு விளைகிற சதுப்பு நிலத்தையும், பக்கத்திலுள்ள கோடியக்கரையையும் பற்றி இன்று கொஞ்சம் பேசுகிறேன்.

கோடியக்கரை 1967-ல் சரணாலயமானது. 2002-ல் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலமாக, ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. தமிழ்நாட்டிலிருந்து அந்தப் பட்டியலில் இடம்பெற்ற முதல் இடம் இதுதான். முத்துப்பேட்டை அலையாத்திக் காடும் சேர்த்து 38,500 ஹெக்டேர்.

மழைக்காலம் தொடங்கும்போது அங்கே பூநாரைகள் வருகின்றன. கொசு உள்ளான் என்று ஒரு சின்னப் பறவையும் வருகிறது. எடை 30 கிராம்கூடத் தேறாது. ரஷ்யாவின் வடகோடியில் பனி உருகும் காலத்தில் குஞ்சு பொரித்துவிட்டு, ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் பறந்து வருகிறது. திரும்பிப் போவதற்கான கொழுப்பை இங்கே தின்றுதான் உடம்பில் சேர்க்க வேண்டும். சேமிப்புக் கணக்கு மாதிரிதான். இருப்பு போதவில்லை என்றால் பயணம் பாதியில் நின்றுவிடும்.

அதற்குத் தீனி, சேற்றிலுள்ள புழுவும் பூச்சியும். கால் குட்டை, அலகும் குட்டை. எனவே தண்ணீர் ஆழமாக நின்றால் அதனால் மேய முடியாது. காய்ந்து உப்பேறிப் போனாலோ புழு இருக்காது. ஐப்பசி, கார்த்திகையில் மழைநீரும் ஆற்றுநீரும் வந்து உப்பைத் தணிக்க வேண்டும். தையிலிருந்து தண்ணீர் மெல்ல வற்றிச் சேறு வெளியே தெரிய வேண்டும். இந்த முறை தப்பினால் பறவைக்குப் பட்டினி. கடலிலிருந்து முகத்துவாரத்துக்குள் வந்து வளரும் இறால் குஞ்சும் குறையும். அதை நம்பிய மீனவர்களுக்கும் நஷ்டம்.

அந்த ஆற்றுநீர் எங்கிருந்து போகிறது? கல்லணையில் பிரிகிற வெண்ணாறு, நம் ஊரைக் கடந்து நீடாமங்கலம் போய், மூணாறு தலைப்பில் மூன்றாகப் பிரிகிறது. அதில் கோரையாறும் பாமணியாறும் முத்துப்பேட்டைக் காயலில் போய் முடிகின்றன. நாம் கடைமடை என்று சொல்வது கடைசி வயலை. அந்தக் கடைமடைக்கும் ஒரு கடைமடை உண்டு. அதுதான் இந்தச் சதுப்பு.

“தண்ணீர் வீணாகக் கடலில் கலக்கிறது” என்று அடிக்கடி சொல்கிறோம். மழையில்லாத காலத்தில் சம்பாவுக்கு நீர் கேட்டுப் போராடுகிற ஊர் நம்முடையது. அந்த வேதனை எனக்கும் தெரியும். பயிருக்கான தண்ணீரைப் பறவைக்குக் கொடுங்கள் என்று நான் சொல்லவில்லை. வயலில் வேலை முடித்து வடிகாலில் இறங்கும் நீரும், மழைக்கால உபரி நீரும் அங்கே போய்ச் சேருவதை வீண் என்று எழுதாதீர்கள் என்கிறேன். அது செலவுப் பக்கத்தில் வர வேண்டிய கணக்கல்ல. நல்ல நீர் வரவில்லை என்றால் உப்புநீர் மேலேறும். முதலில் பாதிக்கப்படுவது கடைமடை விவசாயிதான்.

நம் நகர் மழைநீர் வடிகாலும் வெண்ணாற்றில்தான் சேர்கிறது. நாம் வீசும் பால் பாக்கெட் உறையும், பூஜைப் பூவைக் கட்டிப் போடும் பிளாஸ்டிக் பையும் அதே வழியில்தான் போகின்றன. பாதி மதகில் சிக்கும். யாரோ ஒரு விவசாயி இறங்கி எடுப்பார். மீதி கடைசிவரை போகும்.

எனவே இரண்டு கோரிக்கைகள். ஒன்று, வடிகால் ஆற்றில் சேரும் இடத்தில் கம்பி வலை போட்டு, வாரம் ஒருமுறை சுத்தம் செய்யப் பராமரிப்பு நிதியிலிருந்து தொகை ஒதுக்க வேண்டும். மழைக்கு முன்பே முடித்தால்தான் பலன். இரண்டு, மார்கழி விடுமுறையில் பிள்ளைகளை ஒருநாள் கோடியக்கரைக்கு அழைத்துப் போக வேண்டும். நம் ஆறு எங்கே போய் முடிகிறது என்பதை அவர்கள் ஒருமுறை நேரில் பார்க்கட்டும்.