மூன்று படங்கள் போதும்



ஜப்பானியத் திரைப்படத்தின் பெருமை 1951ஆம் ஆண்டு வெனிஸ் விழாவில் ‘ராஷோமோன்’ பரிசு பெற்ற நாளில்தான் பிறந்தது என்று மேடைதோறும் முழங்குவோர் சிலர் உளர். அவர்கள் பெயரைச் சொல்லி மன்றத்தின் நேரத்தை வீணாக்க வேண்டியதில்லை. அந்தப் பரிசுக்கு 13 ஆண்டுகளுக்கு முன்பே, சீனத்துக் கைஃபெங் நகரின் படை மருத்துவமனையில் 28 வயதில் மாண்டுபோன ஓர் இளைஞரை அவர்கள் அறியார்களா, அறிந்தும் மறைக்கிறார்களா?

1909இல் கியோட்டோவில் பிறந்த அந்த இளைஞர், 1932இல் முதல் படத்தை இயக்கி, ஐந்தாறு ஆண்டுகளுக்குள் இருபதுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்து முடித்தார். முழுமையாக எஞ்சியவை மூன்றே மூன்று. ‘ஜிதாய்கெகி’ எனப்படும், வாள்வீரர் காலத்துக் கதைகளைக் கூறும் படவகைதான் அவருடைய களம் என்றாலும், அதன் வீராப்பை உரித்தெடுத்து, வீரர்களையும் அண்டை வீட்டாரைப் போலப் பேசவைத்தவர் அவரே. 1935இல் வந்த, ஒரு பானையைச் சுற்றிச் சுழலும் அவருடைய படத்தில், பொய்க்கால் மூங்கில் கேட்கும் சிறுவனுக்கு அதை ஒருநாளும் தரமாட்டேன் என்று ஒரு பெண் அடித்துச் சொல்கிறாள். அடுத்த காட்சியில் சிறுவன் பொய்க்காலில் நடக்கிறான்! இடையில் என்ன நடந்தது என்று ஒரு சொல்கூட விளக்காமலே அரங்கைச் சிரிக்கவைத்த கலை அது.

கியோட்டோவின் நாருதாக்கிப் பகுதியில் அவரும் நண்பர்களுமாக எண்மர் கூடி, ‘கஜிவாரா கின்பாச்சி’ என்ற ஒரே புனைபெயரில் திரைக்கதைகள் எழுதினர். ஒருவர் எழுதியதில் எட்டுப் பேர் பெயரைப் பொறித்துக்கொள்வோர் மலிந்த உலகில், எண்மர் உழைப்பை ஒரு பெயருக்குள் அடக்கியவர்கள் அவர்கள். விருதுப் பட்டியலை மனப்பாடம் செய்து வரலாறு பேசுவோருக்கு இந்தப் பெருந்தன்மை விளங்காமற் போவதில் வியப்பில்லை.

1937இல் வந்த ‘மனிதமும் காகித பலூன்களும்’ படத்தின் தொடக்கத்தில், ஏழைகளின் வரிசைவீட்டில் பழைய சாமுராய் ஒருவர் தூக்கில் தொங்குகிறார். வீரமரபுப்படி வயிற்றைக் கிழித்துக்கொண்டு மாண்டிருக்கலாமே என்று பேச்சு எழ, வாளை எப்போதோ விற்றுவிட்டார், எஞ்சியது மூங்கில்தான் என்று விடை வருகிறது. போர்வெறி முற்றிய நாட்டில், வீரம் பேசிய சமூகத்தின் பசியை இவ்வாறு காட்டிய படம் வெளியான அன்றே, அதன் இயக்குநருக்குப் படையில் சேரும் ஆணை வந்து சேர்ந்தது. மறு ஆண்டு செப்டம்பரில் அவரைக் கொண்டுபோனது எதிரியின் குண்டன்று, குடல்நோய்.

அவர் பெயர் சதாவோ யமனகா. ஜப்பானியத் திரைப்பட வரலாற்றை 1951இல் தொடங்கும் நூல் ஆயிரம் பக்கம் ஓடினாலும், அந்தப் பெயர் இல்லாதவரை அது குறைநூலே என்பதை இந்த அவை உரக்கச் சொல்லட்டும்!