கலம் செய்தோர் பெயர்



படவேடு என்பது படைவீடு என்னும் பெயரின் மரூஉ. சம்புவராயர் தலைநகராய் விளங்கிய ஊர் இது. நிலத்திற்குப் படைவீடு அமைந்தாற்போலக் கடலுக்கும் படைவீடு உண்டு, அதுவே கப்பல்துறை. இந்திய மண்ணில் நெடுங்காலமாக இப்பணியாற்றிவரும் மும்பைக் கடற்படைக் கப்பல்துறையின் வரலாறு, பாடுவோரும் நெய்வோரும் ஒருங்கே எண்ணத்தக்கது.

1736-ஆம் ஆண்டு கிழக்கிந்தியக் கம்பெனியார், லவ்ஜி நசர்வான்ஜி வாடியா என்னும் பார்சித் தச்சரைச் சூரத்திலிருந்து பம்பாய்க்கு வரவழைத்தனர். 1750-இல் அங்கு உலர்துறை ஒன்று உருவாயிற்று. கப்பலை உள்ளே நிறுத்தி, வாயிலடைத்து நீரை வெளியேற்றி, அதன் அடிப்பாகத்தைச் செப்பனிடும் இடம் அது. தந்தைக்குப் பின் மைந்தர் என வாடியா குடும்பத்தார் ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டு அங்குத் தலைமைத் தச்சராக விளங்கினர்.

நெப்போலியன் போர்க்காலத்தில் இங்கிலாந்தில் ஓக் மரம் அருகிற்று. மலபார்த் தேக்கு அக்குறையைத் தீர்த்தது. ஓக் மரத்திலுள்ள அமிலம் இரும்பாணியை அரிக்கும். தேக்கின் எண்ணெய்ப்பசையோ அதனைக் காக்கும். 74 பீரங்கி தாங்கும் மிண்டன் என்னும் கலம் 1810-இல் இங்கு நீரில் இறங்கிற்று. 1817 அக்டோபர் 12-இல் இறங்கிய மற்றொரு கலத்திற்குத் தமிழர் வாழும் திருகோணமலையின் பெயரை ஆங்கிலேயர் தம் ஒலிப்பில் சூட்டினர். ஜம்ஷெட்ஜி பொமன்ஜி வாடியா கட்டிய அக்கலத்தின் அடிமரத்தில், பார்சி மரபுப்படி வெள்ளி ஆணி அறையப்பட்டது. இருநூறு ஆண்டுகளைக் கடந்த பின்னும் அது இங்கிலாந்தின் ஹார்ட்டில்பூல் துறையில் மிதக்கிறது. அதனைக் கட்டிய துறை, இன்று இந்தியக் கடற்படைக் கலங்களைப் பழுதுபார்க்கிறது.

ஜம்ஷெட்ஜியைப் பற்றிய செவிவழிச் செய்தி ஒன்றுண்டு. 1800-இல் கட்டிய கார்ன்வாலிஸ் என்னும் கலத்தின் உள்மரத்தில், இக்கலத்தைக் கட்டியவன் ஒரு கறுப்பன் என்னும் பொருள்பட அவர் செதுக்கி வைத்தாராம். இழித்துரைக்க வழங்கிய சொல்லையே எடுத்துத் தம் தொழிலுக்குச் சான்றாக்கிய அந்த உளியின் சினத்தில், ஒரு கவிஞனின் சினமும் உண்டு.

ஆயினும் அதனைச் செதுக்கியவர் தலைமைத் தச்சர். மரம் அறுத்தோர், இரும்பு காய்ச்சியோர், பலகை இடுக்குகளில் பஞ்சும் பிசினும் அடைத்தோர் ஆகியோர் பெயரைச் சொல்ல இன்று ஒரு மரத்துண்டும் இல்லை. கலத்திற்கு ஊர்ப்பெயர் கிடைத்தது. துறைக்குக் குடும்பப்பெயர் கிடைத்தது. கம்மியர்க்கு எப்பெயரும் கிடைக்கவில்லை.

இந்நிலை கடற்கரையோடு நிற்பதன்று. ஆரணிப்பட்டு எனும்போது ஊரின் பெயர் ஒலிக்கிறது. பெட்டியின்மேல் கடையின் பெயர் இருக்கிறது. தறிக்குழியில் கால்வைத்து, அறுந்த இழையை விரல்நுனியால் முடிந்தவர் பெயர் எங்குமில்லை. பாவு புணைத்த பெண்டிரின் பெயரோ, வீட்டுக் கணக்கிலும் ஏறுவதில்லை.

மன்னர் பெயரைக் கல்வெட்டுக் காத்தது. தலைவர் பெயரைப் பாட்டுக் காத்தது. பத்தாண்டு நிறைவில் மலர் வெளியிடும் ஒரு வட்டம், அடுத்த பத்தாண்டில் கைவினைஞர் பெயரைக் காக்குமாயின், அதுவே இவ்வூர் எழுப்பும் புதிய படைவீடு. அதன் அடிமரத்தில் அறைய வெள்ளி ஆணி வேண்டா. தறிமேடைக்குச் சென்று, பெயர் கேட்டு எழுதிவரும் ஓர் எழுதுகோல் போதும்.