அல்ஜீரியா: மலையும் மணலும் காத்த மொழி



ஜனவரி மாதம் கணக்காளர்களுக்கு நித்திரையில்லாத மாதம். 31ஆம் திகதிக்குள் வருமானவரிப் படிவங்கள் போய்ச் சேரவேண்டும். அப்படியொரு மாலையில், லூயிஷாமில் பேக்கரி நடத்தும் ஒருவர் பை நிறையப் பற்றுச்சீட்டுகளோடு என்னிடம் வந்தார். அல்ஜீரியா நாட்டவர். கையில் ஒரு பெட்டி இனிப்பு. "இன்று எங்களுக்கு வருடப்பிறப்பு" என்றார். அன்று ஜனவரி 12.

"அரபு வருடப்பிறப்பா?" என்று கேட்டுவிட்டேன். அவர் சிரித்தபடி, "நான் அரபு இல்லை, கபீல் இனத்தவன். எங்கள் மொழி தமாசிக்" என்றார். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. இலங்கை என்று சொன்னவுடன், "அப்படியென்றால் சிங்களம் பேசுவீர்களா?" என்று எங்களிடம் கேட்பவர்கள் எத்தனை பேர்! அதே கேள்வியைத்தான் நானும் அவரிடம் கேட்டிருக்கிறேன். அதனால்தான் இந்த மாத உரைக்கு அல்ஜீரியாவை எடுத்துக்கொண்டேன்.

முதலில் நிலத்தைப் பார்ப்போம். அல்ஜீரியா வட ஆபிரிக்காவில், மத்தியதரைக் கடலோரம் இருக்கின்றது. பரப்பளவு ஏறத்தாழ 23 இலட்சத்து 81 ஆயிரம் சதுர கிலோமீற்றர். இலங்கையைப்போல் 36 மடங்கு. 2011இல் சூடான் இரண்டாகப் பிரிந்தபின் ஆபிரிக்காவின் மிகப் பெரிய நாடு இதுதான். ஆனால் ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் சகாரா பாலைவனம். நாலரைக் கோடிக்கு மேற்பட்ட மக்களில் பெரும்பாலோர் வடக்கேதான் வாழ்கின்றனர். தலைநகர் அல்ஜியர்ஸ் கடற்கரையில் உள்ளது. மழையும் பயிரும் வடக்கே. எண்ணெயும் எரிவாயுவும் தெற்கே பாலைவனத்தில்.

இந்த நிலத்தின் ஆதிக்குடிகள் அமாசிக் மக்கள். 'பேர்பர்' என்று பிறர் வைத்த பெயரை அவர்களில் பலர் விரும்புவதில்லை. ஏழாம் நூற்றாண்டில் அரபியர் வந்தனர். காலப்போக்கில் சமவெளிகளும் நகரங்களும் அரபு மொழிக்கு மாறின. மலையிலும் மணலிலும் பழைய மொழி தங்கிவிட்டது. அல்ஜியர்ஸுக்குக் கிழக்கே மலைநாட்டில் கபீல் மக்கள், அவ்ரெஸ் மலைகளில் சாவியர், தெற்கே ம்சாப் பள்ளத்தாக்கில் மொசாபியர், இன்னும் தெற்கே ஹொகர் மலைப் பக்கம் துவாரெக் மக்கள். இவர்கள் பேசுவன எல்லாம் தமாசிக்கின் கிளைகள். மக்களில் ஏறத்தாழ நாலில் ஒரு பங்கினர் இவற்றைப் பேசுவதாகக் கூறுவர்.

இந்த மொழிக்குப் பழைய எழுத்தும் உண்டு. அண்டை நாடான துனிசியாவின் டூகா என்ற ஊரில், 2,100 ஆண்டுகளுக்கு மேற்பட்ட கல்வெட்டு ஒன்று கிடைத்தது. பியூனிக் மொழியிலும் பழைய லிபிய மொழியிலும் எழுதப்பட்டது. அந்த எழுத்தை அறிஞர்கள் வாசிக்க வழிவகுத்தது அதுதான். 19ஆம் நூற்றாண்டில் கொண்டுவரப்பட்ட அந்தக் கல் இன்று இருப்பது எங்கே தெரியுமா? எங்கள் லண்டனில், பிரித்தானிய நூதனசாலையில்.

இனிச் சமயம். மக்களில் அநேகமாக எல்லோரும் சுன்னி முஸ்லிம்கள். ம்சாப் பள்ளத்தாக்கினர் மட்டும் இபாதி என்ற பழைய பிரிவைச் சேர்ந்தவர்கள். கிறிஸ்தவ நேயர்கள் அறிந்த புனித அகுஸ்தீனார் 354இல் பிறந்ததும், 430இல் மறைந்ததும் இன்றைய அல்ஜீரிய மண்ணில்தான். ஒன்றைக் கவனியுங்கள். இலங்கையில் சைவரும் கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் ஒரே தமிழைப் பேசுகின்றனர். அங்கே சமயம் ஒன்று, மொழிகள் பல. ஒரே சமயமாக இருந்தும் மொழிப் பிரச்சினை வராமல் போகவில்லை.

1830இல் பிரான்ஸ் படையெடுத்தது. கொடிய போருக்குப்பின் 1962 யூலை 5இல் அல்ஜீரியா சுதந்திரம் பெற்றது. அந்தப் போரில் கபீல் மலைநாடு கொடுத்த விலை பெரிது. ஆனால் 1963இல் வந்த அரசியலமைப்பு அரபு ஒன்றையே தேசிய மொழியாகவும் அரசகரும மொழியாகவும் ஆக்கியது. 1956ஐ அனுபவித்த எங்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

1980 மார்ச்சில், மூலூத் மம்மெரி என்ற எழுத்தாளர் பழைய கபீல் கவிதைகள் பற்றி டிசி ஊசூ பல்கலைக்கழகத்தில் உரையாற்ற இருந்தார். அதிகாரிகள் அதைத் தடைசெய்தனர். மாணவர்கள் கிளர்ந்தெழுந்தனர். 'பேர்பர் வசந்தம்' என்று வரலாறு கூறுவது இதைத்தான். 1994இல் கபீல் பிள்ளைகள் பாடசாலைக்குப் போகாமல் நின்றனர். மறு ஆண்டு தமாசிக் கற்பிக்க வழி பிறந்தது. 2001இல், பொலிஸ் காவலில் ஒரு மாணவன் சுடப்பட்டு இறந்ததை அடுத்து எழுந்த கலவரத்தில் நூற்றுக்கு மேற்பட்டோர் மாண்டனர். 2002இல் தமாசிக் தேசிய மொழியாயிற்று. 2016இல் "தமாசிக்கும்" அரசகரும மொழி என்று எழுதினார்கள். 2018 முதல் ஜனவரி 12 பொது விடுமுறை. யென்னாயெர் எனப்படும் அந்த உழவர் வருடப்பிறப்பு எங்கள் தைப்பொங்கலுக்கு இரண்டு மூன்று நாள் முன்னே வருகின்றது.

தமாசிக்கும் என்பதில் உள்ள அந்த 'உம்' எங்களுக்குப் பழக்கமானது. 1987இல் 13ஆவது திருத்தம் "தமிழும்" அரசகரும மொழி என்றது. சட்டத்தில் ஏறிய 'உம்' தபாற் கந்தோருக்கும் பொலிஸ் நிலையத்துக்கும் வந்துசேர எவ்வளவு காலம் செல்லும் என்பதை நாங்கள் அறிவோம்.

கணக்கு முடிந்து எழும்பும்போது அந்தப் பேக்கரிக்காரர் சொன்னார்: "அங்கே எங்கள் மொழிக்கு அரசியலமைப்பில் இடம் கிடைத்துவிட்டது. இங்கே என் மகள் எனக்கு ஆங்கிலத்தில் பதில் சொல்கிறாள்." நான் பேசாமல் இருந்தேன். என் வீட்டுக் கதையும் அதுதான்.

ஐந்தொகையில் சொத்தாக எழுதிவைத்தால் மட்டும் போதாது, பாவிக்காமல் விட்டாலும் பெறுமானம் தேயும் என்று வர்த்தக வகுப்பில் படித்தோம். மொழியும் அப்படித்தான். இந்த விடுமுறையில் பிள்ளைகளை அந்த நூதனசாலைக்குக் கூட்டிச் செல்லுங்கள். போகும் வழியில், ரயிலில், தமிழிலேயே பேசிக்கொண்டு போங்கள். அடுத்த ஜனவரி 12இல் உங்கள் தெருவில் ஒரு கபீல் குடும்பம் இருந்தால் ஒரு வாழ்த்துச் சொல்லுங்கள்.

மீண்டும் அடுத்த மாதம் சந்திப்போம்.