மைதானம் யாருடையது?

(நகரத்தை அடுத்துள்ள விளையாட்டுக் கழகமொன்றின் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரை)



வாழ்த்துரை வழங்கும்படி எம்மை அழைத்தீர்கள். வெற்றிக் கிண்ணத்தைப் புகழ்ந்து, இளைஞரைப் புகழ்ந்து, தேநீர் அருந்திவிட்டுச் செல்வது எளிது. ஆனால் சட்டம் படித்தவர்களை ஒரு கழகத்துக்கு அழைத்தால், அவர்கள் முதலில் கேட்பது உறுதியைத்தான். நேற்று உங்கள் செயலாளரிடம் கேட்டோம். கணக்குப் புத்தகத்தைக் காட்டினார். சதத்துக்குச் சதம் சரியாக இருந்தது. கூட்டக் குறிப்புகளைக் காட்டினார், அவையும் ஒழுங்கு. நீங்கள் விளையாடும் நிலத்துக்கு மட்டும் ஒரு துண்டுக் கடதாசிதானும் இல்லை. ஆகவே வாழ்த்துரையைச் சுருக்கி, அந்த இல்லாத கடதாசியைப் பற்றிப் பேசுவதென்று முடிவு செய்தோம். அதற்கு முன் கொழும்பிலுள்ள ஒரு கழகத்தின் வரலாற்றைக் கூற இடந்தர வேண்டும்.

தமிழ் யூனியன் கழகம் 1899ஆம் ஆண்டு தோன்றியது. அக்காலத்துக் கொழும்பிலே விளையாட்டுக் கழகம் என்பது பெரும்பாலும் இனத்துக்கொன்றாக இருந்தது. வெள்ளையருக்கு ஒன்று, பறங்கியருக்கு ஒன்று. சிங்களவருக்கும் அதே 1899இல் ஒன்று. சோனகருக்குச் சில ஆண்டுகள் கழித்து ஒன்று. உத்தியோகத்தின் பொருட்டுத் தலைநகருக்குச் சென்ற தமிழர் மாலையிலே கூடவும் ஆடவும் தமக்கும் ஓர் இடம் வேண்டுமென எண்ணினர். ஆரம்ப காலத்தில் அவர்கள் ஆடியது புறக்கோட்டையிலுள்ள பிரைஸ் பூங்காவில். சனநெருக்கடி மிக்க கடைத்தெருப் பகுதி அது. கழகம் வளர்ந்தது, இடம் வளரவில்லை.

அங்கேதான் பாக்கியசோதி சரவணமுத்து அவர்கள் வருகிறார். சிவில் சேவை உத்தியோகத்தர். தேயிலை, இறப்பர் கட்டுப்பாட்டைப் பார்த்தவர். அவர் மட்டை பிடித்த கதையைவிட, மண்ணைத் தேடிய கதையே பெரிது. மற்றைய பெரிய கழகங்கள் கறுவாத்தோட்டத்தின் மாளிகைகளுக்கு நடுவே குடியிருக்க, தமிழ் யூனியனுக்கு அவர் பொரளைக்கு அப்பால், தொழிலாளர் குடியிருப்புகள் நிறைந்த வனாத்தமுல்லையிலே மைதானம் அமைத்தார். நகரத்தின் நடுவை விட்டு ஓரத்துக்குப் போகிறோமே என்று அன்று முகஞ்சுளித்தோர் இல்லாமலா இருந்திருப்பர்? ஆனால் 1940களின் நடுப்பகுதிக்குள் அந்த மைதானம் ‘கொழும்பு ஓவல்’ என்று பெயர் பெற்றுவிட்டது.

1948ஆம் ஆண்டு மார்ச் 27ஆந் திகதி, நாடு சுதந்திரமடைந்து இரண்டு மாதங்கூட ஆகாத வேளையில், இங்கிலாந்து நோக்கிக் கப்பலிற் சென்றுகொண்டிருந்த டொன் பிரட்மனின் அவுஸ்திரேலியக் குழு அங்கே ஒரு நாள் இறங்கி ஆடியது. பிரட்மன் 20 ஓட்டங்களோடு ஆட்டமிழந்தார். இலங்கைக் குழுவின் தலைவர் தமிழ் யூனியனின் மகாதேவன் சதாசிவம். முந்திய ஆண்டு சென்னைச் சேப்பாக்கத்தில் 215 ஓட்டங்கள் குவித்தவர். பின்னாளில் சிங்கப்பூருக்கும் மலாயாவுக்கும் தலைமை வகித்தவர். அன்று ஒரு வேடிக்கையும் நடந்தது. ஆடுகளத்தின் நீளத்தில் ஏதோ பிசகு இருக்கிறதென்று விருந்தினருக்கு ஐயம் தோன்றிற்று. அளந்து பார்த்தால் 22 யார் இருக்க வேண்டிய இடத்தில் 20 யார்தான் இருந்தது! உலகப் பெருவீரரை அழைத்து வந்தவர்கள் அளவுநாடாவை எடுத்துவர மறந்துவிட்டார்கள். நாம் இதைப் பரிகாசத்துக்காகச் சொல்லவில்லை. பெரிய காரியங்களில் மனம் வைப்போர் எல்லைக் கல்லை மறந்துபோவது நம்மவரின் பழைய குணம். உங்கள் கழகமும் அதற்கு விலக்கல்ல.

அவ்வாண்டு அமைந்த இலங்கைக் கிரிக்கெட் கட்டுப்பாட்டுச் சபைக்குச் சரவணமுத்து அவர்களே முதல் தலைவரானார், 1950இல் காலமானார். அவரது பெயர் முதலில் ஒரு கேடயத்துக்கும், 1977இல் அம்மைதானத்துக்கும் இடப்பட்டது. 1982ஆம் ஆண்டு பெப்ரவரியில் இந்நாட்டின் முதலாவது டெஸ்ட் போட்டி, இங்கிலாந்துக்கெதிராக, அம்மைதானத்தில்தான் நடந்தது. தோற்றோம். அடுத்த ஆண்டு யூலை 24ஆந் திகதி இரவு, அதே பொரளையில், கனத்தை மயானத்தடியிலிருந்து கலவரம் மூண்டது. அதன் பின் நடந்தவற்றை இச்சபையிலுள்ள முதியோருக்கு நாம் சொல்ல வேண்டியதில்லை. இங்கே சிலர் கப்பலில் வந்து காங்கேசன்துறையில் இறங்கியவர்கள். ஆயினும் 1985 செப்டெம்பரில் இலங்கை தனது முதலாவது டெஸ்ட் வெற்றியை, இந்தியாவுக்கெதிராக, ஒரு தமிழரின் பெயர் தாங்கிய அதே மண்ணிலேதான் பெற்றது. மனிதர் சிதறினர், நிலம் இருந்த இடத்தில் இருந்தது. அதனாற்றான் கழகமும் இருந்தது.

இன்னுமொன்று. பெயரிலே தமிழ் இருந்தாலும் அதன் படலை எல்லோருக்கும் திறந்தே இருந்தது. கண்டியிற் பிறந்த முத்தையா முரளிதரன் அக்கழகத்துக்கு ஆடினார். குருநாகல் மாவட்டத்தைச் சேர்ந்த ரங்கன ஹேரத்தும் ஆடினார். ஒருவர் டெஸ்டில் 800 விக்கெட்டுகள், மற்றவர் 433. யாழ்ப்பாணத்து உத்தியோகத்தர் சிலர் மாலைப் பொழுதுபோக்குக்காகக் கூடிய கழகம், மலையகத்துப் பிள்ளையையும் சிங்களக் கிராமத்துப் பிள்ளையையும் தன் பிள்ளைகளாக்கிக்கொண்டது. உங்கள் யாப்பிலே ‘இவ்வூரிற் பிறந்தவர் மட்டும்’ என்றொரு விதி இருக்கிறது. வாசித்தபோது எமக்கு வருத்தமாக இருந்தது. இடம்பெயர்ந்து வந்து பின் தெருவிலே குடியிருப்போரின் பையன்கள் வேலிக்கு வெளியே நின்று பந்து பொறுக்கித் தருகிறார்கள். நேற்று மாலை நாமே கண்டோம். அவ்விதியை இன்றே நீக்கிவிடலாம். அதற்கு நொத்தாரிசு தேவையில்லை.

நிலத்துக்குத் தேவை. நடுவிலிருந்து எல்லைக்கோடு 60 மீற்றர் என்று கொண்டால், ஒரு மைதானத்துக்கு ஏறக்குறைய 45 பரப்புக் காணி வேண்டும். புகையிலையும் வெங்காயமும் நட்டவர்களுக்கு 45 பரப்பு என்றால் என்னவென்று தெரியும். அதை உங்களுக்குத் தந்த பெரியவர் இதோ முன்வரிசையில் அமர்ந்திருக்கிறார். ஒரு சதம் வாடகை வாங்காமல் ‘விளையாடுங்கள் பிள்ளைகள்’ என்று வாய்ச்சொல்லாற் தந்தார். அச்சொல்லுக்கு அவர் உள்ளவரை பெறுமதி உண்டு. ஆனால் 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டப்படி, காணியை எழுத்தின்றி, நொத்தாரிசு முன்னிலையில் கையொப்பமின்றி, ஒருவர் மற்றவருக்கு உரித்தாக்க முடியாது.

‘பத்து வருடத்துக்கு மேலாக ஆண்டுவிட்டோமே, ஆட்சியுரிமை இருக்கிறதே’ என்று நேற்று ஓர் இளைஞர் எம்மிடம் வாதாடினார். இருக்கிறது, 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. அது எதிராட்சிக்கு உரியது, தம்பி. சொந்தக்காரரின் அனுமதியோடு நுழைந்தவர், அவ்வனுமதியை வெளிப்படையாக மறுத்து நின்றாலன்றி, முப்பது வருடம் இருந்தாலும் அனுமதிக்காரரே. அன்பாகத் தந்தவரை எதிராளியாக்கி வழக்காடவா நாம் கழகம் நடத்துகிறோம்? இதே வாதத்தை வேறொரு ஊரின் கழகத்துக்காக நாம் நீதிமன்றத்தில் வைத்துத் தோற்றிருக்கிறோம். அம்மைதானத்தில் இன்று மதில்கள் நிற்கின்றன. தகப்பனார் தந்தார்; பிள்ளைகள் கடல் கடந்திருந்தனர்; அவர்கள் கொடியவர்களல்லர், காணியைக் கண்ணாற் காணாதவர்கள், அவ்வளவே.

கழகம் சட்டத்தின் கண்ணில் ஆளல்ல. தன் பெயரிற் காணி வாங்க அதனால் ஆகாது. ஆகவே பொறுப்பாளர் மூவரோ ஐவரோ, 1917ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நம்பிக்கைப் பொறுப்புச் சட்டத்தின்படி, கழகத்துக்காக அதை ஏற்க வேண்டும். மற்றொன்றும் உண்டு: வடக்கு மூலையிலுள்ள 8 பரப்பு அன்னாரும் தங்கையாரும் பிரிபடாத பங்காக ஆள்வது. ஒருவர் தம் பங்கை மட்டுமே எழுதலாம். அம்மையாரும் கையொப்பமிட வேண்டும்.

ஐயா, உங்களை நெருக்குவதற்காக இதைச் சபையில் சொல்லவில்லை. இன்று காலை உங்கள் வீட்டுத் திண்ணையிலே நீங்கள் சம்மதம் கூறி, சபையிற் பேசவும் அனுமதி தந்தபடியாலேயே சொல்கிறோம். வரைவு இதோ மேசையில் இருக்கிறது. பொறுப்பாளர்களை இக்கூட்டம் இப்போதே தெரிவுசெய்யட்டும்; நில அளவையாளர் வரும் சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு வருகிறார். வேலிக் கதியால்களை அன்று யாரும் வெட்டிவிட வேண்டாம். எல்லை தெரிய வேண்டும்.