ஓய்வுப் பணம் தருமம் அல்ல

(புக்கிட் செலம்பாவ் வட்டாரத் தோட்டத் தொழிலாளர், கிராணிமார் கூட்டத்தில் நிகழ்த்திய உரை)



தமிழ்நாட்டில் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவருக்கும், புக்கிட் செலம்பாவில் பால்மரம் வெட்டும் நமக்கும் என்ன சம்பந்தம் என்று சிலர் கேட்கலாம். சம்பந்தம் உண்டு. இருவரும் வாலிபத்தை வேலைக்குக் கொடுத்தவர்கள். முதுமையில், வரவேண்டிய பணத்திற்காக ஆபீஸ் வாசலில் நிற்க நேர்ந்தால் இருவர் கண்ணீரும் ஒன்றுதான்.

அங்கே அரசாங்கப் போக்குவரத்துக் கழகங்களில் உழைத்தவர்களுக்குப் பணிக்கொடை, சேமநிதி, பென்ஷன் ஆகியவை உண்டு. ஆனால், கழகங்கள் நஷ்டத்தில் ஓடுகின்றன என்று காரணம் சொல்லப்பட்டு, இப்பணம் நெடுங்காலம் இழுத்தடிக்கப்பட்டது. 2015-ஆம் ஆண்டு இறுதியிலிருந்து பென்ஷன்காரர்களின் பஞ்சப்படி உயர்வும் நின்று போயிற்று. ஓய்வு பெற்றோர் சென்னை உயர்நீதிமன்றத்தின் கதவைத் தட்டினார்கள். 2018 ஜனவரியில் தொழிலாளர் எட்டு நாள் பஸ்களை நிறுத்தினார்கள். ஓய்வு பெற்றோரின் பாக்கியும் அவர்கள் கோரிக்கைகளில் ஒன்று. 2024 ஜனவரியில் மறுபடியும் வேலைநிறுத்தம். பென்ஷன்காரர்களின் பஞ்சப்படி மறுபடியும் கோரிக்கை. வேலையில் இருப்பவன், வேலையை விட்டுப் போனவனுக்காக நின்றான். இதுவல்லவா சங்கம்!

எந்தப் பலத்தில் அவர்கள் வழக்காடுகிறார்கள்? 1982 டிசம்பர் 17-இல் இந்திய உச்ச நீதிமன்றம் நகாரா வழக்கில் தீர்ப்பளித்தது. பென்ஷன் என்பது முதலாளி மனமிரங்கிப் போடும் தருமம் அல்ல. செய்த சேவைக்கு உரிய உரிமை என்பதே அதன் சாரம். அந்த நாளை அங்கே பென்ஷனர் தினமாகக் கொண்டாடுகிறார்கள்.

பணிக்கொடைக்குச் சட்டம் துணை. ஐந்தாண்டு உழைத்தவருக்கு, ஆண்டுக்கு 15 நாள் சம்பளம். பஞ்சப்படியும் சேர்ந்த கடைசி மாதச் சம்பளம் 26,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 26-ஆல் வகுத்தால் நாளுக்கு 1,000. 30 ஆண்டு சேவைக்கு 4,50,000 ரூபாய். 30 நாளுக்குள் கொடுக்க வேண்டும். தாமதித்தால் வட்டி சேரும்.

இனி நம் நிலையைப் பார்ப்போம். மலேசியாவில் வயது முடிந்து ஓய்வு பெறும் தோட்டத் தொழிலாளிக்குப் பணிக்கொடை கொடுத்தே தீரவேண்டும் என்ற சட்டம் இல்லை. 1951 முதல் நடந்துவரும் ஊழியர் சேமநிதியே நம் கையிருப்பு. அதற்கு மேல் வேண்டுமானால் ஒப்பந்தத்தில் எழுதி வாங்க வேண்டும். அதற்குச் சங்கம் வேண்டும்.

ஆட்குறைப்பு என்றால் 1980-ஆம் ஆண்டு விதிகள் உண்டு. ஓராண்டு முடித்து இரண்டாண்டுக்குக் குறைந்தவருக்கு ஆண்டுக்கு 10 நாள் சம்பளம். இரண்டு முதல் ஐந்தாண்டுக்குள் 15 நாள். ஐந்தாண்டும் அதற்கு மேலும் 20 நாள். ஏழு நாளுக்குள் பணம் வரவேண்டும். தோட்டம் கைமாறும்போது, புது முதலாளி பழைய நிபந்தனைகளுக்குக் குறையாமல் வேலை தர ஏழு நாளுக்குள் முன்வராவிட்டாலும் இப்பணம் உண்டு.

ஆனால் உரிமை வாயில் இருந்தால் போதாது. காகிதத்தில் இருக்க வேண்டும். தொழிலாளர் பதிவேடுகளை முதலாளி ஆறு ஆண்டுகளாவது வைத்திருக்க வேண்டும் என்பது சட்டம். முப்பது ஆண்டு சேவையை எதைக் காட்டி நிரூபிப்பது? ஆகையால் வேலைக் கடிதம், சம்பளச் சீட்டு, சேமநிதிக் கணக்கு மூன்றையும் பத்திரப்படுத்துங்கள். சேமநிதியில் ஒரு மாதம் விடுபட்டாலும் அந்த மாதமே கேளுங்கள். சம்பளப் பாக்கியைக் காலம் கடத்தாமல் கேளுங்கள். ஆறு ஆண்டு கடந்தால் வழக்கு நிற்காது. தொழிலாளர் இலாகாவில் முறையிட வக்கீல் கட்டாயமில்லை.

கிராணித் தோழர்களே! நாம் செக்ரோலில் போடும் ஒவ்வொரு பெயரும் ஒருவரின் முதுமைக்குச் சாட்சி. அதைச் சரியாக எழுதுவோம். எழுதத் தெரியாதவருக்கு மனு எழுதிக் கொடுப்போம்.

கேட்பது பிச்சை அல்ல, பாக்கி. தலை குனியாமல் கேட்போம். தனியாகக் கேட்காமல், சங்கமாகக் கேட்போம்!