நீர் நிறைந்த அணையும் நிறையாத வயிறும்

(வைகை அணையில் நடைபெற்ற கல்விக் கழக வெள்ளி விழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)

 

பசியைப் பற்றிப் பேசுமாறு விழாக் குழுவினர் எனக்குப் பணித்தார்கள். கல்விக்காக எடுக்கும் விழாவில் பசியைப் பற்றிய பேச்சு எதற்கு என்று சிலர் எண்ணக்கூடும். பசித்த பிள்ளையின் காதில் பாடம் ஏறாது என்பதை இங்கே அமர்ந்திருக்கும் ஆசிரியப் பெருமக்கள் நன்கு அறிவார்கள். ஆகவே இப்பொருள் கல்விக் கழகத்தின் வாசலிலேயே நிற்கும் பொருள்தான்.

முதலில் உலக நிலையைச் சிறிது காண்போம். ஐக்கிய நாடுகளின் உணவு, வேளாண்மை அமைப்பும் பிற ஐ.நா. நிறுவனங்களும் 2025ஆம் ஆண்டு வெளியிட்ட அறிக்கை, 2024ஆம் ஆண்டில் உலகில் ஏறத்தாழ 67 கோடி மக்கள் பசியால் வாடினர் என்று கூறுகிறது. அவர்களுள் 30 கோடிக்கு மேற்பட்டோர் ஆப்பிரிக்கக் கண்டத்து மக்கள். அங்கே ஐவரில் ஒருவருக்குப் போதிய உணவு இருக்கவில்லை. நம் ஆசியாவிலும் 32 கோடிப் பேர் அந்நிலையில் இருந்தனர். இத்தனைக்கும் உலகத்து மக்கள் அனைவரும் உண்பதற்குப் போதுமான தானியம் ஆண்டுதோறும் விளைகிறது. விளைந்த தானியம் எங்கே போயிற்று? உண்ண வேண்டியவன் கைக்கு அது ஏன் வந்து சேரவில்லை? இந்தக் கேள்விக்கு விடை தேட நாம் ஆப்பிரிக்காவுக்குப் போக வேண்டியதில்லை. நாம் கூடியிருக்கும் இந்த வைகை அணையின் கரையிலிருந்தே தேடத் தொடங்கலாம்.

111 அடி உயரமுள்ள இந்த அணை 1959ஆம் ஆண்டு ஜனவரி 21ஆம் நாள் திறந்து வைக்கப்பட்டது. வருசநாட்டு மலையிலிருந்து வரும் வைகையும், பெரியாற்று நீரைச் சுமந்து கம்பம் பள்ளத்தாக்கின் வழியே வரும் முல்லையாறும் கலந்து இங்கே தேங்குகின்றன. 71 அடி நீர் நிற்கும்போது மதுரை, சிவகங்கை, இராமநாதபுரம் வரை உள்ள உழவர்கள் இதனை நோக்கிக் கும்பிடுகிறார்கள். மேலே, கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் நிலம் இருபோகம் விளைகிறது. நெல், வாழை, தென்னை, திராட்சை எனக் கண்ணுக்கெட்டிய தூரம் பசுமை. அப்பசுமைக்குள் குனிந்து நாற்று நட்டவர் யார்? களை பறித்தவர் யார்? வாழைத்தார் சுமந்தவர் யார்? அவர்கள் வீட்டு அடுப்பில் அன்று என்ன வெந்தது என்று கேட்டால், பசுமைக்கு நடுவே பசி எப்படிக் குடியிருக்கிறது என்பது விளங்கும்.

இந்த நீர் இங்கே வந்த கதையே பசியின் கதைதான். 1876 முதல் 1878 வரை தென்னாட்டை அழித்த தாது வருடப் பஞ்சத்தில் சென்னை மாகாணத்தில் இலட்சக்கணக்கானோர் மாண்டனர். மழை பொய்த்தது உண்மை. ஆனால் மக்கள் சாலையோரத்தில் விழுந்துகொண்டிருந்த அதே காலத்தில் இந்நாட்டுத் தானியம் கப்பலேறிச் சென்றுகொண்டிருந்தது என்பதும் உண்மை. நிவாரண வேலைக்கு வந்த கூலியாளுக்கு நாளொன்றுக்கு ஒரு ராத்தல் தானியமும் ஓரணாவும் போதும் என்று சர் ரிச்சர்டு டெம்பிள் கணக்கிட்டார். அந்த அளவு உழைக்கும் உடலுக்குப் போதாது என்று மாகாணச் சுகாதார ஆணையர் கார்னிஷ் எதிர்த்து வாதாடினார். ஒருவர் உயிரோடிருக்க எவ்வளவு சோறு வேண்டும் என்ற வழக்கில், பட்டினி கிடந்தவனை எவரும் சாட்சிக்கு அழைக்கவில்லை.

அப்பஞ்சத்துக்குப் பின்னரே பெரியாற்றுத் திட்டம் மீண்டும் உயிர் பெற்றது. 1886ஆம் ஆண்டு திருவிதாங்கூரோடு உடன்படிக்கை ஏற்பட்டது. கர்னல் பென்னிகுவிக்கின் விடாமுயற்சியாலும், காய்ச்சலிலும் கொள்ளை நோயிலும் உயிர்விட்ட தொழிலாளர்களின் உழைப்பாலும் 1895ஆம் ஆண்டு அணை எழுந்தது. மேற்கே ஓடிய நீர் கிழக்கே திரும்பியது. நிலம் உடையவன் வாழ்வும் திரும்பியது. நிலம் இல்லாதவனுக்கு அந்நீர் தந்தது நடவுக் கூலியும் அறுப்புக் கூலியும் மட்டுமே.

நிலமின்மையே நம் மக்களின் பசிக்கு வேர் என்பதை அக்காலத்திலேயே ஒருவர் எழுதி வைத்தார். செங்கல்பட்டு ஆட்சியராயிருந்த ட்ரெமென்ஹீர் அளித்த அறிக்கையின் விளைவாக 1892ஆம் ஆண்டு அரசாணை பிறந்தது. சென்னை மாகாணத்தில் ஏறத்தாழ 12 இலட்சம் ஏக்கர் நிலம் ஒடுக்கப்பட்ட மக்களுக்கென ஒதுக்கப்பட்டது. அதுவே பஞ்சமி நிலம். பிற சாதியார்க்கு விற்கலாகாது என்ற நிபந்தனை இருந்தும், அந்நிலத்தின் பெரும்பகுதி கைமாறிப் போயிற்று. கடனுக்கும், மருந்துக்கும், மிரட்டலுக்கும் போன நிலம் அது. பட்டாவில் எழுதியிருப்பதைப் படிக்கத் தெரியாதவன் கையிலிருந்து நிலம் எவ்வளவு எளிதாக நழுவும் என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம்.

பொருளியல் அறிஞர் அமர்த்தியா சென் 1981ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் 1943ஆம் ஆண்டின் வங்கப் பஞ்சத்தை ஆராய்ந்தார். ஏறத்தாழ 30 இலட்சம் மக்கள் மாண்ட அந்த ஆண்டில் வங்காளத்தில் அரிசி அடியோடு இல்லாமல் போய்விடவில்லை. 1941ஆம் ஆண்டைவிடக் குறைவாகவும் இல்லை. போர்க்காலத்தில் அரிசி விலை ஏறியது, கூலி ஏறவில்லை. ஆகவே நெல் விளைத்த விவசாயக் கூலிகளும், மீனவர்களும், கைத்தொழிலாளர்களும் முதலில் செத்தனர். உணவு நாட்டில் இருப்பது வேறு, அதனைப் பெறும் உரிமை ஒருவனிடம் இருப்பது வேறு என்பதே அவர் கண்ட முடிவு.

நம் தமிழ்நாட்டில் இவ்வுண்மை இரத்தத்தால் எழுதப்பட்டது. நெற்களஞ்சியம் என்று பெயர் பெற்ற தஞ்சைத் தரணியில், கீழ்வெண்மணியில், 1968ஆம் ஆண்டு டிசம்பர் 25ஆம் நாள் இரவு, பெண்களும் குழந்தைகளும் முதியோருமாக 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். அவர்கள் கேட்டது அரைப்படி நெல் கூடுதல் கூலி. நெல் மிகுதியாக விளையும் மண்ணில், அறுத்தவன் அரைப்படி கேட்டதற்கு அந்த விலை கொடுக்க வேண்டியிருந்தது.

அன்பர்களே, சாதி நம் வயிற்றை நிரப்பவிடாமல் தடுப்பதோடு நிற்பதில்லை. நாம் எதை உண்ணலாம் என்பதையும் தீர்மானிக்க முற்படுகிறது. அண்ணல் அம்பேத்கர் 1936ஆம் ஆண்டு எழுதிய ‘சாதி ஒழிப்பு’ நூலில், ஜெய்ப்பூர் சமஸ்தானத்துச் சக்வாரா என்னும் ஊரில் நடந்ததைக் குறிப்பிடுகிறார். யாத்திரை சென்று திரும்பிய தாழ்த்தப்பட்ட ஒருவர் தம் உறவினர்க்கு விருந்து வைத்தார். விருந்தில் நெய் பரிமாறினார். அதற்காகச் சாதி இந்துக்கள் தடிகளோடு வந்து உணவைப் பாழாக்கி உண்டவர்களை அடித்து விரட்டினர். நெய் வாங்கப் பணம் அவரிடம் இருந்தது. அதை உண்ணும் தகுதி அவருக்கு இல்லை என்பதே அடித்தவர்களின் வாதம்.

இதனால்தான் பள்ளியில் போடும் ஒருவேளைச் சோறு நம் வரலாற்றில் பெரிய இடத்தைப் பெறுகிறது. 1920ஆம் ஆண்டு சர் பிட்டி தியாகராயர் காலத்தில் சென்னை மாநகராட்சிப் பள்ளியில் மதிய உணவு தொடங்கியது. 1956ஆம் ஆண்டு பெருந்தலைவர் காமராசர் அதனை மாநிலமெங்கும் பரப்பினார். 1982ஆம் ஆண்டு எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டமாக விரித்தார். 2022ஆம் ஆண்டு மதுரையில் காலை உணவுத் திட்டம் தொடங்கப்பட்டது. மணிமேகலையின் கையிலிருந்த அமுதசுரபி அறத்தின் அடையாளம். ஆனால் அறம் கொடுப்பவர் மனத்தைப் பொறுத்தது. 2001ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் சமைத்த மதிய உணவைப் பள்ளிப் பிள்ளைகளின் உரிமையாக்கிய பின்னர், அச்சோறு எவர் மனத்தையும் பொறுத்ததன்று.

அச்சோற்றைச் சமைக்கும் பணியில் தலித் பெண்களுக்கு முன்னுரிமை தரவேண்டும் என்று 2004ஆம் ஆண்டு அதே நீதிமன்றம் ஆணையிட்டது. இருந்தும் 2018ஆம் ஆண்டு திருப்பூர் மாவட்டத்தில் ஒரு பள்ளியில் தலித் சத்துணவு ஊழியர் சமைக்கக்கூடாது என்று ஊரார் சிலர் தடுத்தனர். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்கீழ் வழக்குப் பதிவாகும் அளவுக்கு அது சென்றது. பிள்ளைகள் ஒரே வரிசையில் அமர்ந்து, நம் தாய்மார் சமைத்த சோற்றை உண்டு எழுவதைச் சாதி இன்றும் அஞ்சுகிறது. அப்பந்தி கலையாமல் காப்பது நம் கடமை.

இனி இன்றைய பசியைப் பற்றிச் சொல்கிறேன். 2011ஆம் ஆண்டு முதல் தமிழ்நாட்டு நியாயவிலைக் கடையில் அரிசி விலையின்றிக் கிடைக்கிறது. கஞ்சித் தொட்டி முன் நம் மக்கள் நின்ற காலம் போயிற்று. அது பெரிய வெற்றி. ஆயினும் 2019-21ஆம் ஆண்டுகளின் தேசிய குடும்ப நல ஆய்வு, தமிழ்நாட்டில் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் நால்வரில் ஒருவர் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர் என்கிறது. 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் பாதிக்கும் மேற்பட்டோர்க்கு இரத்தசோகை. இந்திய அளவில், பட்டியல் சாதிக் குழந்தைகளில் நூற்றுக்கு ஏறத்தாழ 39 பேர் வளர்ச்சி குன்றியவர்கள். பட்டியல் சாதி, பழங்குடி, பிற்படுத்தப்பட்டோர் அல்லாத பிறரிடையே அது 30. அரிசி வயிற்றை நிரப்புகிறது. இரத்தத்துக்கு வேண்டிய இரும்புச் சத்தையும் தசைக்கு வேண்டிய புரதத்தையும் அரிசி மட்டும் தர இயலாது.

இந்தக் குறை குழந்தை பிறந்த பின் தொடங்குவதன்று. கம்பம், கூடலூர், போடி ஊர்களிலிருந்து விடியுமுன் ஜீப்பில் ஏறி இடுக்கி மாவட்டத்து ஏலத்தோட்டங்களுக்குச் செல்லும் பெண்களை நீங்கள் அறிவீர்கள். அதிகாலையில் எழுந்து சமைத்து, கணவனுக்கும் பிள்ளைகளுக்கும் வைத்துவிட்டு, தான் உண்ணாமல் வண்டியேறுகிறாள். இரவில் எல்லாரும் உண்டபின் சட்டியில் மிஞ்சியதே அவளுக்கு. முட்டையும் குழம்பில் கிடந்த மீனும் ஆண்கள் தட்டுக்குப் போயிருக்கும். அவள் கருவுற்றால் எடை குறைந்த குழந்தை பிறக்கிறது. கருவில் தொடங்கி இரண்டு வயது முடியும் வரை உள்ள ஆயிரம் நாட்களில் இழந்த வளர்ச்சியைப் பின்னர் முழுதும் மீட்பது அரிது. அக்குழந்தை பெண்ணாயின், இரத்தமில்லாத தாயாக அவளும் வளர்கிறாள். ஊர்ப் பந்தியில் நம்மைக் கடைசியில் நிறுத்தியவர்களை எதிர்த்த நாம், நம் வீட்டுப் பந்தியில் நம் பெண்களைக் கடைசியில் நிறுத்தியிருக்கிறோம். இதனை வெளியார் எவரும் வந்து மாற்றப் போவதில்லை.

இளைஞர்களே, உங்களிடம் மூன்று பணிகளை ஒப்படைக்க விரும்புகிறேன்.

முதலாவது, எடை. 1980ஆம் ஆண்டு, தேனி தனி மாவட்டமாகப் பிரியாத அக்காலத்தில், நம் மதுரை மாவட்டத்துக் கொட்டாம்பட்டி ஒன்றியத்தில்தான் தமிழ்நாடு ஒருங்கிணைந்த ஊட்டச்சத்துத் திட்டம் முதலில் தொடங்கியது. மாதந்தோறும் குழந்தையை நிறுத்து அட்டையில் குறித்து, எடை ஏறாத குழந்தையைக் கண்டு உணவளிப்பதே அதன் முறை. பசி கண்ணுக்குத் தெரியுமுன் தராசுக்குத் தெரிந்துவிடும். நம் தெருவின் அங்கன்வாடியில் ஒவ்வொரு குழந்தையின் எடையும் குறிக்கப்படுகிறதா என்று ஊருக்கு இருவர் கேட்டு அறியுங்கள். எடை ஏறாத குழந்தையின் தாயிடம் முருங்கைக்கீரை, கம்பு, முட்டை, பயறு பற்றிப் பேசுங்கள்.

இரண்டாவது, சட்டம். 2013ஆம் ஆண்டின் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் ஒவ்வொரு நியாயவிலைக் கடைக்கும் கண்காணிப்புக் குழு வேண்டும் என்கிறது. அக்குழுவில் பட்டியல் சாதியினர்க்கும் பெண்களுக்கும் உரிய இடம் தரவேண்டும் என்றும் கூறுகிறது. உங்கள் ஊர்க் கடைக்கு அக்குழு உள்ளதா? அதில் நம்மவர் உள்ளனரா? இல்லையெனில் எழுத்து மூலம் கேளுங்கள். பஞ்சமி நிலம் போனதுபோல் இவ்வுரிமையும் படிக்காமல் போய்விடலாகாது. பட்டம் பெற்ற இளைஞர் ஒரு பிற்பகலை இதற்குச் செலவிட்டால் போதும்.

மூன்றாவது, வீடு. இன்று மாலை இல்லம் திரும்பியதும் உங்கள் தாயையும் தங்கையையும் உடன் அமரச் செய்து உண்ணுங்கள். இதற்கு மனுவும் வேண்டாம், அரசாணையும் வேண்டாம். இருப்பதைச் சமமாகப் பகிர்ந்தால் வீட்டில் எவ்வளவு இருக்கிறது என்பது எல்லார்க்கும் தெரியும். பற்றாக்குறையும் தெரியும். கூலி உயர்வு கேட்கும் குரலுக்கு அந்த அறிவே வலிமை தரும்.

இருபத்தைந்து ஆண்டுகளில் இக்கழகம் எத்தனை பேரைப் படிக்க வைத்தது என்ற கணக்கு இம்மலரில் அச்சாகியிருக்கும். அடுத்து வரும் விழா மலரில் இன்னொரு கணக்கையும் சேர்த்து அச்சிடுங்கள். நம் தெருக்களில் எடை குன்றாத குழந்தைகள் எத்தனை பேர், இரத்தசோகை நீங்கிய தாய்மார்கள் எத்தனை பேர் என்பதே அக்கணக்கு. அதனை எழுதும் பொறுப்பை இங்கிருக்கும் மாணவ மாணவியரிடம் விடுகிறேன்.