மரண தண்டனையும் ஏழையின் முறையீடும்
(சங்கக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இத்தாலி தேசத்து மிலான் நகரில் 1738-ஆம் ஆண்டு பிரபு குலத்திற் பிறந்தவர் செஸாரே பெக்காரியா என்னும் தத்துவ ஞானி. குற்றங்களையும் தண்டனைகளையும் பற்றிய சிறு நூலொன்றை அவர் 1764-இல் தம் பெயரின்றி வெளியிட்டார். கொலையை வெறுக்கும் சட்டம், கொலையைத் தடுக்கும் பொருட்டுத் தானே கொலை புரிதல் முறையாகாது என்றார். தண்டனையின் கொடுமையன்று, அது தப்பாது வந்தெய்தும் என்னும் உறுதியே குற்றத்தைத் தடுக்கும் என்பது அவர் துணிபு.

நாம் முக்கியமாய்க் கவனிக்கத்தக்கது மற்றொன்று. அந்நூலில் அவர் ஒரு திருடனைப் பேச வைக்கின்றார். சட்டம் இயற்றுவோர் செல்வரே. வறியோர் படும் பாட்டை அவர் அறியார் என அவன் முறையிடுகின்றான். பிரபு ஒருவர் அம்முறையீட்டுக்குச் செவிசாய்த்தது அரிய செயலன்றோ? 1786-இல் டஸ்கனி நாட்டரசர் லியோபோல்டு மரண தண்டனையை நீக்கினார்.

சட்டம் யாவர்க்கும் விளங்கும் மொழியில் இருத்தல் வேண்டும், குற்றத்தைத் தடுக்க உறுதியான வழி கல்வியே என்றும் பெக்காரியா எழுதினார். ஆதலின், ஒருவனைத் தூக்கிலிடுக என்று நாம் கூவுமுன், அவனுக்குக் கல்வியும் வழக்காடத் துணையும் கிட்டினவா என்று விசாரிப்போமாக. நம் குலத்துப் பிள்ளைகளுக்கு மட்டுமன்றி, அயலார் பிள்ளைகளுக்கும் அவை கிட்டச் செய்தலே நம் கடன்.